ஆக்கர்மன் இதழா, பீட்டன் இதழா?

19ஆம் நூற்றாண்டு பிரிட்டனின் உடைகளைப் பழைய பத்திரிகைகளில் தேடுகிறவர்கள் பலரும் இந்த இரண்டுக்கும் நடுவேதான் தடுமாறுகிறார்கள்: லண்டன் ஸ்ட்ராண்ட் தெருவில் ருடால்ஃப் ஆக்கர்மன் வெளியிட்ட 'ரெபாசிட்டரி ஆஃப் ஆர்ட்ஸ்' (1809–1829), சாமுவேல் பீட்டன் தொடங்கிய 'இங்கிலீஷ்வுமன்ஸ் டொமஸ்டிக் மேகசின்' (1852–1879).

விலை: ஆக்கர்மன் இதழ் வசதியான வீடுகளுக்கானது. பீட்டன் இதழ் தொடக்கத்தில் மாதம் 2 பென்ஸ்தான். நடுத்தரக் குடும்பத்துப் பெண்ணும் தயங்காமல் வாங்கலாம்.

படம்: ஆக்கர்மனில் உடைப் படங்களுக்குக் கையாலேயே வண்ணம் தீட்டினார்கள். பீட்டனில் 1860 முதல் பாரிஸ் வண்ணப் படங்கள் வந்தன, விலையும் 6 பென்ஸ் ஆனது.

துணி: இதில் ஆக்கர்மனுக்கு ஈடே இல்லை. ஓரத்தில் அலங்காரச் சட்டகம் அச்சிட்ட பக்கத்தில் நிஜத் துணித் துண்டுகளையே வெட்டி ஒட்டியிருப்பார்கள். 200 ஆண்டு கழித்தும் அந்த நெசவின் இழையைக் கண்ணால் பார்க்க முடிகிறதே, அது எந்த ஓவியத்திலும் கிடைக்காது.

தையல்: பீட்டன்தான். வெட்டுவதற்கான காகித மாதிரிகள் தந்ததால் வீட்டிலேயே தைக்க முடிந்தது. பாரிஸ் படங்களுக்கு ஏற்பாடு செய்யக் கணவர் சாமுவேலோடு அங்கே போய் வந்த இசபெல்லா பீட்டன், 1865இல் பிரசவத்துக்குப் பின் 28 வயதில் இறந்துபோனார். இந்த இதழில் அவர் எழுதிய பக்கங்களைப் படிக்கும்போது மனம் கனக்கிறது.

சரி, எதை எடுப்பது? 19ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் நாவலாசிரியர் ஜேன் ஆஸ்டின் வாழ்ந்த காலத்து உடை, துணி, நிறம் வேண்டுமென்றால் ஆக்கர்மன். விக்டோரியா காலத்துச் சாதாரணக் குடும்பம் என்ன உடுத்தியது, எப்படித் தைத்தது என்று அறிய பீட்டன்.