ஸ்லைடிங் மிட் வாங்கப் போகிறீர்களா? முதலில் கட்டைவிரலைப் பாருங்கள்

பேஸ்பால் ஆட்டத்தில் முதல் பேஸில் (ஓட்டக்காரர் வரிசையாகத் தொட்டுப் போக வேண்டிய இடங்களில் முதலாவது) நிற்கும் ஓட்டக்காரரின் பின்பாக்கெட்டிலிருந்து, சூடான பாத்திரம் இறக்கும் கையுறை மாதிரி ஒன்று எட்டிப் பார்க்கும். அதுதான் ஸ்லைடிங் மிட். அடுத்த பேஸுக்குத் தலையை முன்னே நீட்டிப் பாயும்போது கைவிரல்களைக் காப்பாற்றுவது அதன் வேலை. விலை சுமார் 30 டாலரிலிருந்து 80 டாலர் வரை போகும். மிட்டின் மேல் அச்சிடும் படமும் நிறமும்தான் விலையைப் பெரும்பாலும் ஏற்றுகின்றன.

இந்தச் சாமானின் பிறப்பை ஸ்காட் பொட்செட்னிக்கின் பெயரோடு சேர்த்துத்தான் சொல்வார்கள். பொருத்தமான ஆள்தான். 2001-ல் சியாட்டிலில் தொடங்கி 2012-ல் பாஸ்டனில் முடிப்பதற்குள் ஏழு அணிகளின் சட்டையைப் போட்ட அவுட்ஃபீல்டர் (மைதானத்தின் வெளிப்பகுதியைக் காப்பவர்). 2004-ல் மில்வாக்கிக்கு 70 பேஸ் திருடினார் (பந்து எறியப்படும்போதே அடுத்த பேஸுக்கு ஓடிப் பிடிப்பதைத்தான் திருட்டு என்பார்கள்), மறு வருஷம் சிகாகோ வைட் சாக்ஸுக்கு 59. அந்த 2005 வழக்கமான சீசனில் கிரிக்கெட் சிக்ஸர் மாதிரியான ஹோம் ரன் ஒன்றுகூடக் கிடையாது. (அந்த ஆண்டின் இறுதித் தொடரான உலகத் தொடரின் 2-ஆவது ஆட்டத்தை ஹோம் ரன் அடித்து முடித்துவைத்தவரும் இதே மனிதர்தான், அது தனி வேடிக்கை.) காலை நம்பிப் பிழைக்கும் இப்படிப்பட்ட ஆட்டக்காரர் விரல் உடைந்து ஒரு மாதம் உட்கார்ந்தால், அவருடைய இடத்தில் இன்னொருவர் ஓடிக்கொண்டிருப்பார்.

விரல் எப்படி உடைகிறது? பந்தை எறியும் பிட்சரின் கையசைவு தொடங்கி, பந்து அதைப் பிடிக்கும் கேட்சரிடம் சேர ஏறக்குறைய 1.3 நொடி, கேட்சர் பிடித்து இரண்டாவது பேஸுக்கு எறிந்து சேர்க்க 2 நொடி. அந்த 3.3 நொடிக்குள் போய்ச் சேர வேண்டுமென்பதால் வேகத்தைக் குறைக்க நேரமே இல்லை. முழு வேகத்தில் நீட்டிய கை, தரையோடு பொருத்திய பேஸின் ஓரத்தில் முட்டுகிறது. மேலிருந்து ஃபீல்டரின் ஆணி வைத்த ஷூ இறங்குகிறது. முன்பெல்லாம் பேட்டிங் கிளவுஸைக் கைக்குள் இறுக்கிப் பிடித்துக்கொண்டு ஓடுவார்கள், விரல் விரியாமல் இருக்க. அதற்கு அடுத்த படிதான் இந்த மிட்.

வாங்கும்போது எல்லோரும் பஞ்சை அமுக்கிப் பார்க்கிறார்கள். பார்க்க வேண்டியது கட்டைவிரல் இருக்கும் இடத்தை. நட்சத்திர ஆட்டக்காரர் மைக் ட்ரவுட் 2017 மே மாதம் மயாமியில் இரண்டாவது பேஸுக்கு இப்படிப் பாய்ந்தபோது கட்டைவிரலின் தசைநார் கிழிந்து அறுவை சிகிச்சை வரை போனது. கட்டைவிரல் தனியாக வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் மாடல் என்றால் அது பேஸின் ஓரத்தில் மாட்டும். மற்ற விரல்களோடு ஒட்டினாற்போல் உள்ளே அடங்கும் மாடலையே எடுங்கள்.

அடுத்தது உள்ளே இருக்கும் கெட்டித் தகடு. அது விரல் நுனியைத் தாண்டி ஆரம்பித்து மணிக்கட்டையும் தாண்டி முடிய வேண்டும். கடையிலேயே சோதிக்கலாம். மிட்டை மாட்டி, பட்டையை இறுக்கி, நுனியைச் சுவரில் வைத்து உடம்பின் எடையைக் கொடுங்கள். மணிக்கட்டு பின்னால் மடங்கினால் தகடு குட்டை. கை உள்ளே முன்னால் வழுக்கி விரல் நுனி முட்டினால் சைஸ் பெரிது. இந்த இரண்டாவது தவறுதான் அதிகம் நடக்கிறது, "வளர்கிற பையன்தானே" என்று ஒரு சைஸ் கூட்டி வாங்குவதால். நுனியில் அரை அங்குலம் இடம் இருந்தால் போதும்.

எந்தக் கைக்கு? பெரும்பாலும் இடது கைக்கு. இரண்டாவது பேஸில் டேக்கை (ஃபீல்டர் பந்தோடு தொட்டு அவுட் ஆக்குவதை) தவிர்க்க ஓட்டக்காரர் வலப்பக்கம், அதாவது அவுட்ஃபீல்ட் பக்கம், ஒதுங்கிச் சறுக்கி, கபடியில் நடுக்கோட்டுக்கு நீட்டுவதுபோல இடது கையைப் பேஸின் பின்மூலைக்கு நீட்டுவார். இரண்டு கைக்கும் பொருந்தும் மாடல் என்று விற்பவற்றில் கட்டைவிரல் எந்தப் பக்கமும் சரியாக உட்காராது. அவற்றை நான் சிபாரிசு செய்ய மாட்டேன்.

இனி குறை. கெட்டித் தகட்டால் பேஸைப் பிடிக்க முடியாது. வெறுங்கையில் விரலை மடக்கித் தொற்றிக்கொள்ளலாம், மிட் வழுக்கிக்கொண்டு தாண்டிப் போகும். 2014-ல் மேஜர் லீக்கில் வீடியோ மறுபரிசீலனை விரிவடைந்ததிலிருந்து ஃபீல்டர்கள் டேக் செய்த கையை ஓட்டக்காரர் மேலிருந்து எடுப்பதே இல்லை. கை ஒரு மயிரிழை பேஸை விட்டு எழும்பினாலும் அவுட். மிட் கையை 2 அங்குலம் நீட்டித் தருகிறது என்பார்கள். அந்த வேகத்தில் அது நூறில் ஒரு நொடி அளவுதான், வழுக்கினால் அந்த லாபம் போய்விடும். அடிப்பக்கம் சொரசொரப்பான ரப்பர் இருக்கும் மாடலுக்குப் பத்து டாலர் கூடக் கொடுக்கலாம். நீளத்துக்கு உங்கள் லீக்கின் விதியையும் ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

12 வயதும் அதற்குக் கீழும் உள்ள பிரிவுகளில் சிறுவர் பேஸ்பால் அமைப்பான லிட்டில் லீக்கின் விதிப்படி அடுத்த பேஸுக்குத் தலை முன்னால் சறுக்கினாலே அவுட். அந்த வயதுப் பிள்ளைக்கு இது பாக்கெட்டில் தொங்கும் அலங்காரம்தான்.

பராமரிப்பில் தொல்லை தருவது வெல்க்ரோ. செம்மண் ஏறினால் ஐந்தாறு ஆட்டத்திலேயே பிடிப்பு விட்டுவிடும், பாதிச் சறுக்கலில் மிட் கழன்று போகும். பழைய டூத் பிரஷால் ஆட்டம் முடிந்ததும் தேய்த்துவிடுங்கள். கையால் துவைத்து நிழலில் உலர்த்துங்கள், டிரையரில் போட்டால் தகடு வளையும். பாக்கெட்டில் வைக்கும்போது பட்டையை மூடியே வையுங்கள், இல்லையென்றால் பேண்ட்டில் ஒட்டிக்கொண்டு, தேவைப்படும் நேரத்தில் வராது. முதல் பேஸில் நின்றதும் அம்பயரிடம் டைம் கேட்டு நிதானமாக மாட்டுங்கள். உள்பக்கம் பெயர் எழுதி வைப்பதும் நல்லது, ஆட்டக்காரர்கள் உட்காரும் டக்அவுட்டில் கறுப்பு மிட் எல்லாம் ஒரே மாதிரிதான் இருக்கும்.