இரட்டைச் சூரிய நாட்காட்டிச் செயலி: நான்கு மாதம் பயன்படுத்திய பிறகு

நான் எழுதிவரும் நாவலின் வானத்தில் இரண்டு சூரியன்கள். பெரியது பொன்னிறம், சிறியது செந்நிறம். என் மாந்தர்கள் அவற்றை அக்காள், தங்கை என்றே சொல்கிறார்கள். இப்படிப்பட்ட உலகுக்கு நாட்காட்டி அமைத்துத் தரும் கணினிச் செயலி ஒன்றை நான்கு மாதமாகப் பயன்படுத்துகிறேன். வானத்தைக் காட்டுவதில் அது என்னை வியக்க வைத்தது. மாதத்தைக் கணக்கிடுவதில், அதாவது எதற்காக அதை வாங்கினேனோ அந்த வேலையிலேயே, தவறிவிட்டது.

உலகம் கற்பனை என்றாலும் எண்களையும் இட்டுக்கட்ட எனக்கு மனம் வரவில்லை. 2011-இல் அறிவிக்கப்பட்ட கெப்ளர்-16பி என்ற கோளின் காலக் கணக்கை எடுத்துக்கொண்டேன். அங்கே இரண்டு விண்மீன்கள் ஏறத்தாழ 41 நாளுக்கு ஒருமுறை ஒன்றையொன்று சுற்றுகின்றன. அவ்விரண்டையும் சேர்த்துக் கோள் சுமார் 229 நாளில் சுற்றிவருகிறது. அது சனியைப் போன்ற பெருங்கோள், கடுங்குளிர் வேறு. அங்கே ஊர் அமைக்க முடியாது. ஆகவே காலத்தை மட்டும் கடன் வாங்கி, 24 மணி நேர நாள் கொண்ட, மண்ணும் கடலும் உள்ள உலகாக மாற்றிக்கொண்டேன்.

இந்த எண்களைக் கொடுத்ததும் செயலி ஒவ்வொரு நாளுக்கும் வானத்தை வரைந்து தருகிறது. இந்தப் பகுதியில்தான் நான் அதிக நேரம் செலவிட்டேன். இரண்டு சூரியன்களும் மிகவும் விலகி நிற்கும் நாள்களில், ஒன்று மறைந்து ஒரு மணி நேரத்துக்கும் சற்று அதிகமாகக் கழிந்த பிறகே மற்றது மறைகிறது. பாதிச் சுற்றுக்குத் தங்கை பின்தங்கி மறைவாள். அப்போது மாலை முழுவதும் செவ்வொளி. மீதிப் பாதியில் அவள் முந்திக்கொள்வாள். அந்தச் செவ்வொளி விடியலுக்குப் போய்விடும். இதைப் பார்த்த பிறகுதான் என் மீனவர்களுக்குச் 'செவ்வந்தி', 'செவ்விடியல்' என்று இரண்டு பருவச் சொற்கள் கிடைத்தன. வெறும் எண்ணாக இருந்ததை ஓர் ஊரின் பேச்சாக மாற்றிக்கொள்ள உதவும் கருவி இது. அதற்காக இதைச் செய்தவர்களுக்கு நன்றி சொல்கிறேன்.

மாதக் கணக்குக்கு வருகிறேன். தங்கை அக்காளுக்குப் பின்னால் ஒளிந்து, எல்லாப் பொருளுக்கும் ஒரே நிழல் விழும் நாளை என் மக்கள் 'மறைவு' என்பார்கள். ஒரு மறைவிலிருந்து அடுத்த மறைவு வரை ஒரு மாதம். செயலி இதற்கு 41 நாள் என்று போட்டது. நானும் நம்பிவிட்டேன். ஏழாம் அத்தியாயத்தில் உப்பளக்காரி ஒருத்தி மூன்று மறைவுக்குள் கடனைத் தீர்ப்பதாக வாக்குக் கொடுக்கிறாள். கெடு 123 நாள் என்று வைத்து முழு அத்தியாயத்தையும் எழுதினேன். பிறகு அதே செயலியின் வானப் படத்தை 123-ஆம் நாளுக்கு நகர்த்திப் பார்த்தால், அக்காளுக்குப் பின்னால் இருக்க வேண்டிய தங்கை, அவளுக்கு முன்னால் வருவதற்கு நெருங்கிக்கொண்டிருந்தாள்!

வானப் படம் சரி, மாதம்தான் பிழை. விண்மீன்கள் ஒரு சுற்று முடிக்கும் 41 நாளில் கோளும் தன் பாதையில் ஆறில் ஒரு பங்குக்கு மேல் நகர்ந்துவிடுகிறது. நகர்ந்த இடத்திலிருந்து பார்ப்பவருக்குத் தங்கை மீண்டும் ஒளிய இன்னும் ஒன்பது நாள் ஆகும். ஆக மாதம் 50 நாள். நம் நிலவிலும் இதே கதைதான்: பூமியைச் சுற்ற 27.3 நாள், ஆனால் அமாவாசைக்கு அமாவாசை 29.5 நாள். நாட்காட்டி என்பது தரையில் நின்று அண்ணாந்து பார்ப்பவருக்கானது. விண்மீன்களுக்கு மேலே இருந்து பார்த்துக் கணக்கிட்ட மாதம் உப்பளக்காரிக்கு எதற்கு?

இந்தப் பிழை அடுத்த வசதியையும் கெடுக்கிறது. சில ஆண்டுகளில் ஒரு மாதத்தைக் கூடுதலாகச் சேர்த்து, ஆண்டையும் மாதத்தையும் இணைக்கும் அதிக மாதச் சுழற்சியைத் தானே கண்டுபிடித்துத் தரும் பகுதி இதில் உண்டு. அதற்குள் 41 போவதால் விடை பயனற்றதாகிவிடுகிறது. நானே தாளில் போட்டுப் பார்த்தேன். ஓர் ஆண்டில் சுமார் 4.57 மறைவுகள், ஏழு ஆண்டில் 32. ஒரு நாள்கூடப் பிசகவில்லை! நம் 19 ஆண்டுக்கு 235 சந்திர மாதம் என்ற பழைய சுழற்சியைப் போலவே, ஆனால் அதைவிடச் சிறியது, ஒரு சிறுமி விரல்விட்டு எண்ணக்கூடியது. ஏழில் நான்கு ஆண்டுகளுக்குத் தலா ஐந்து மறைவு, மற்ற மூன்று ஆண்டுகளுக்குத் தலா நான்கு. இவ்வளவு அழகான ஒன்றைச் செயலி தன் கையிலேயே வைத்துக்கொண்டு காட்டாமல் விட்டதுதான் எனக்குப் பெரிய வருத்தம்.

உங்கள் உலகம் வேறு வகை என்றால், அதாவது கோள் ஒரு சூரியனை மட்டும் சுற்ற, மற்றது தொலைவில் இருந்தால், தயங்காமல் வாங்கலாம். ஆல்ஃபா சென்டாரியின் இரண்டு பெரிய விண்மீன்களின் அளவுகளைக் கொடுத்துச் சோதித்தேன். அவை ஏறத்தாழ 80 ஆண்டுக்கு ஒருமுறை சுற்றிவருபவை. ஆண்டில் ஒரு பகுதி இரவே இருளாமல் போவதையும், அந்த வெளிச்ச இரவுகள் ஆண்டுக்கு ஆண்டு வேறு பருவத்துக்கு நகர்வதையும் செயலி சரியாகக் காட்டியது.

அச்சுப் பக்கங்கள் தெளிவாக வருகின்றன, தமிழ் மாதப் பெயர்கள் சிதையவில்லை. பிழையைப் பற்றி உருவாக்கியவர்களுக்கு எழுதினேன், பதில் இல்லை. ஐந்துக்கு மூன்று தருகிறேன். வானப் படம் மட்டும் என்றால் ஐந்தும் தந்திருப்பேன்.

இப்போது தானியங்கி மாதத்தை அணைத்துவிட்டு, 32 மறைவு நாள்களையும் கையாலேயே உள்ளிட்டிருக்கிறேன். உப்பளக்காரிக்குக் கெடு 150 நாளாகிவிட்டது. கிடைத்த 27 நாளில் அவள் என்ன செய்வாள் என்று இந்த வாரம் எழுதிக்கொண்டிருக்கிறேன்.