போர்த்துகீசியக் குரலில் மாயாஜாலப் படங்கள்: ஓர் ஓடிடி சேவையில் மூன்று மாதங்கள்

போர்த்துகீசிய மொழியைக் காதால் பழகிக்கொள்ள வேண்டும் என்பதற்காகவே ஓர் ஓடிடி சேவையில் மூன்று மாதச் சந்தா கட்டினேன். ஏற்கெனவே பார்த்த மாயாஜால சாகசப் படங்களைப் போர்த்துகீசிய டப்பிங்கில் மறுபடி பார்த்தால், கதை தெரிந்திருப்பதால் கவனம் முழுவதும் வசனத்தின்மேல் இருக்கும் என்பது என் கணக்கு. கணக்கு தப்பவில்லை, படங்களுக்கும் பஞ்சமில்லை. அவற்றைத் தேடி எடுப்பதுதான் பெரும்பாடாக இருந்தது.

தேடல் பெட்டியில் மொழியின் பெயரை இட்டால், பிரேசிலிலும் போர்ச்சுகலிலும் எடுக்கப்பட்ட படங்கள் வரிசைகட்டி வருகின்றனவே தவிர, டப் செய்யப்பட்டவை வருவதில்லை. டப் செய்த படத்தைப் பிரேசிலில் 'துப்லாதோ' என்றும் போர்ச்சுகலில் 'தொப்ராதோ' என்றும் சொல்வார்கள். அந்தச் சொற்களை இட்டும் பலனில்லை. ஒவ்வொரு படமாகத் திறந்து ஆடியோ பட்டியலைப் பார்த்தாக வேண்டும். அந்தப் பட்டியலும் முழுமையானதன்று. நம் கணக்கின் மொழி எதுவோ அதற்கேற்ப அதைச் சுருக்கிக் காட்டுகிறார்கள் என்பது, கணக்கின் மொழியையே போர்த்துகீசியத்துக்கு மாற்றிப் பார்த்த பிறகுதான் தெரிந்தது. முதல் நாள் மூன்று மொழிகளை மட்டும் காட்டிய அதே படம், மாற்றிய பின் ஏழு மொழிகளைக் காட்டியது. உதவிப் பக்கத்தில் இதைப் பற்றி ஒரு வரிகூட இல்லை.

அதன் பிறகும் ஒரு சிக்கல் இருந்தது. சில படங்களில் 'போர்த்துகீசியம்' என்ற பெயர் மேலும் கீழுமாக இரண்டு முறை இருக்கும். எது பிரேசிலுடையது, எது போர்ச்சுகலுடையது என்ற குறிப்பு இருக்காது. இரவு என்ற பொருள்படும் சொல் காதில் விழும்வரை காத்திருந்து, 'நொய்ச்சி' என்று ஒலித்தால் பிரேசில், கடைசி உயிரொலி தேய்ந்து 'நொய்த்' என்று நின்றால் போர்ச்சுகல் என்று பிரித்தறியப் பழகினேன். சொல்லின் கடைசியில் வரும் 'ஸ்' ஒலி 'ஷ்' ஆவதை மட்டும் நம்பினால் ஏமாந்துபோவோம். ரியோ டி ஜெனீரோக்காரர்களும் அப்படித்தான் பேசுகிறார்கள், டப்பிங் கூடங்கள் பல அந்த ஊரில்தான் இருந்தன. பழைய படமாக இருந்து, தொடக்கத்தில் 'வெர்சாவ் பிரசிலெய்ரா, எர்பெர்ட் ரிஷெர்ஸ்' (பிரேசில் பதிப்பு என்ற சொற்களும் அந்நாட்டு டப்பிங் நிறுவனம் ஒன்றின் பெயரும்) என்ற அறிவிப்புக் குரல் கேட்டுவிட்டால் இந்தச் சோதனையே தேவையில்லை.

போர்ச்சுகல் உச்சரிப்பைத்தான் கற்க வேண்டும் என்றிருப்பவர்கள் இந்தச் சேவையை நம்பிச் சந்தா கட்ட வேண்டாம். இதில் சேவையின் குற்றம் பாதிதான். அந்நாட்டில் நடிகர்கள் நேரில் தோன்றும் படங்களுக்குப் பெரும்பாலும் வசன வரிகள்தாம் போடுகிறார்கள். டப்பிங் என்பது குழந்தைகளுக்கான படங்களோடு நின்றுவிடுகிறது. டிஸ்னி அனிமேஷன் படங்களே 1994இல் 'தி லயன் கிங்' வரும்வரை அங்கே பிரேசில் குரல்களோடுதான் ஓடின. டிவிடி வாங்கிச் சமாளிக்கலாம் என்றால், எந்த நாட்டு இயக்கியில் ஓடும் என்பதற்கான மண்டலக் குறியீட்டில் பிரேசிலுக்கு மண்டலம் 4, போர்ச்சுகலுக்கு மண்டலம் 2 என்று அங்கும் இரண்டு வாசல்கள்.

பிரேசில் டப்பிங்கின் தரத்தைப் பற்றி எனக்கு எந்தக் குறையும் இல்லை. கிழட்டு மந்திரவாதிக்கு அடித்தொண்டைக் குரல், குட்டிச்சாத்தானுக்குக் கீச்சுக்குரல் என்று மேலோட்டமாக ஒப்பேற்றாமல், மூச்சிரைப்பையும் முணுமுணுப்பையும்கூடக் கவனித்துச் செய்திருக்கிறார்கள். ஹாரி பாட்டர் படங்களில் கிரிஃபிண்டார் என்ற மாணவர் இல்லம் 'கிரிஃபினோரியா' ஆகவும், குவிடிச் என்ற விளையாட்டு 'குவாத்ரிபோல்' ஆகவும் மாறியிருப்பது முதலில் திடுக்கிட வைத்தது. புத்தக மொழிபெயர்ப்பில் பிரேசில் வாசகர்களுக்குப் பழகிப்போன பெயர்களையே படத்திலும் வைத்திருக்கிறார்கள். இரண்டாவது படம் முடிவதற்குள் அவை எனக்கும் இயல்பாகிவிட்டன.

மொழி கற்பவர்களுக்கு எரிச்சலூட்டும் இன்னொன்று, காதில் விழும் வசனமும் திரையில் ஓடும் போர்த்துகீசிய வரிகளும் ஒத்துப்போகாமை. டப்பிங் வசனம் உதட்டசைவுக்கு எழுதப்படுகிறது, வரிகள் வாசிக்கும் வேகத்துக்கு எழுதப்படுகின்றன. இரண்டும் தனித்தனி மொழிபெயர்ப்புகள். ஒரு வாரம் போராடிவிட்டு வரிகளை அணைத்துவிட்டேன்.

ஆடியோ பட்டியலில் நாட்டின் பெயரையாவது சேருங்கள் என்று வாடிக்கையாளர் சேவைக்கு எழுதினேன். கருத்தை உரிய குழுவுக்கு அனுப்பியிருப்பதாக மறுநாளே பதில் வந்தது. சந்தா முடிந்த அன்று திறந்து பார்த்தபோதும் 'போர்த்துகீசியம்', 'போர்த்துகீசியம்' என்று அந்த இரண்டு வரிகளும் அப்படியே இருந்தன.