நாயின் இதயத்தைக் கவனிக்க, நெஞ்சில் கை வைத்துத் துடிப்பை எண்ணுவதா, தூங்கும்போது மூச்சை எண்ணுவதா?

தக்கலையில் எங்கள் வீட்டு பொமரேனியனுக்கு 11 வயது. இதய வால்வில் கசிவு என்று மருத்துவர் சொன்னதிலிருந்து இரண்டையும் செய்து பார்க்கிறேன்.

துடிப்பை எண்ண, இடது முன்னங்காலின் முட்டி நெஞ்சைத் தொடும் இடத்தில் உள்ளங்கையை வைக்க வேண்டும். பின்தொடையின் உட்புறத்திலும் நாடி கிடைக்கும். 15 விநாடி எண்ணி நான்கால் பெருக்கினால் சரி. ஓய்வில் 60 முதல் 140 வரை இருக்கலாம். பெரிய நாய்க்குக் குறைவு, சின்னதுக்கு அதிகம். ஆனால் கை பட்டதுமே இவள் குஷியாகிவிடுவாள், துடிப்பு எகிறும். கோயில் கொடை விழாவுக்கு வெடி போட்டால் கேட்கவே வேண்டாம். மூச்சு இழுக்கும்போது துடிப்பு கூடி, விடும்போது குறைவதும் நாய்களுக்கு இயல்புதான். அது தெரியாமல் முதல் நாள் பதறிப்போனேன்.

மூச்சுக்குத் தொடவே வேண்டாம். மத்தியானம் திண்ணையில் சுருண்டு தூங்குவாள். விலா ஏறி இறங்கினால் ஒன்று. கனவில் கால் உதைத்தால் மட்டும் நிறுத்திவிட்டு, அடங்கியபின் எண்ணுவேன். நிமிடத்துக்கு 30-க்குள் இருந்தால் நிம்மதி. தொடர்ந்து தாண்டினால் நுரையீரலில் நீர் கோக்கத் தொடங்கியிருக்கலாம், அன்றே மருத்துவரிடம் பேச வேண்டும்.

தினசரிக்கு என் ஓட்டு மூச்சுக்கே. மயங்கி விழுந்தாலோ ஈறு வெளுத்தாலோ எதையும் எண்ணிக்கொண்டிருக்காமல் வண்டியை எடுத்துவிடுவேன்.