பார் இல்லாத அரங்கா, காபி விற்கும் அரங்கா?

வழக்கமான பாணிகளை விட்டுப் புது ஒலிகளைத் தேடும் சோதனை இசைக்கு ஐம்பது பேர் வந்தாலே பெரிய கூட்டம். அந்த ஐம்பது பேரை நம்பி வாடகை கட்டுவது எப்படி? இரண்டு அரங்குகள் இதற்கு நேரெதிர் வழிகளைப் பிடித்தன.

நியூயார்க்கின் 'தி ஸ்டோன்' 2005இல் இசைக்கலைஞர் ஜான் சோர்ன் தொடங்கியது. குடிக்கவோ கொறிக்கவோ எதுவும் கிடையாது. வந்தோமா, உட்கார்ந்தோமா, கேட்டோமா, அவ்வளவுதான். நுழைவுக் கட்டணம் முழுவதும் வாசிப்பவர்களுக்கே போகும். அப்புறம் வாடகை? அதற்கென்று தனியாக நிதி திரட்டும் கச்சேரிகளும் சிறப்பு சிடி விற்பனையும் நடந்தன. மூச்சுவிடும் அளவுக்கு மெல்லிய ஒலியை வைத்து விளையாடும் இசையில், கண்ணாடி டம்ளர் உரசாத அமைதி எவ்வளவு பெரிய வரம் என்று வாசிப்பவரைக் கேட்டால் தெரியும். ஆனால் இந்த முறை ஆட்களின் பிடிவாதத்தையும் செல்வாக்கையும் நம்பி நிற்பது. 2018இல் ஸ்டோன் பழைய இடத்தை விட்டு 'தி நியூ ஸ்கூல்' கல்வி நிறுவனத்தின் அரங்குக்கு மாறியது.

லண்டன் டால்ஸ்டனில் 2008இல் திறந்த 'கஃபே ஓட்டோ' பகலில் காபிக் கடை, இரவில் கச்சேரி மேடை. பாரும் உண்டு. ('ஓட்டோ' என்றால் ஜப்பானிய மொழியில் ஒலி.) கச்சேரிக்கு ஆள் குறைந்தாலும் கல்லாப்பெட்டி சும்மா இருக்காது. உறுப்பினர் சந்தாவும், இசைப்பதிவுகளை வெளியிடும் சொந்த லேபிளும் கூடவே வந்தன.

வாசிப்பவனாக இருந்தால் எனக்கு ஸ்டோன்தான் பிடிக்கும். அரங்கை நடத்தச் சொன்னால், முதலில் காபி மெஷின்தான் வாங்குவேன்.