திருகோணமலை அரைநாள் ‘இராவணன் – புதையல் படம்’ சுற்றுலா: எதற்குக் காசு கொடுக்கலாம், எதை வெட்டலாம்

உப்புவெளி, நிலாவெளிப் பக்கத்து விடுதிகளிலும் நகரத்து ஓட்டோ தரிப்பிடங்களிலும் விற்கப்படும் அரைநாள் சுற்றுலாவில் மூன்று சரக்கை ஒன்றாகக் கட்டியிருக்கிறார்கள்: இராவணன் கதை, கோணேசர் கோயில், ‘ரன்முத்து தூவ’ என்ற புதையல் படம் பிடித்த இடம். வழமையான ஒழுங்கு இதுதான். காலை எட்டரை வாக்கில் ஏற்றுவார்கள். முதலில் கோட்டை, பிறகு கோயில், இராவணன் வெட்டு, கடைசியாகக் கன்னியா வெந்நீரூற்று. மதியம் ஒரு மணிக்கு விடுதி வாசலில் இறக்கிவிடுவார்கள். ஏற்பாட்டாளருக்கு ஏற்பாட்டாளர் வண்டியும் விலையும் மாறும், இந்த ஒழுங்கு மாறுவது அரிது. அதிலேதான் பிழையும் இருக்கிறது. மலைப்பகுதி நல்ல பெறுமதி. கன்னியாப் பகுதி அந்த நேரத்தில் வீண். படப்பகுதியோ, வண்டியை விட்டு வள்ளத்தில் ஏறாதவரை வெறும் பேச்சு.

படத்திலிருந்து தொடங்குவோம், ஏனென்றால் விளம்பரத்தில் பெரிய எழுத்தில் இருப்பதும் நேரில் ஆகக் குறைவாகக் கிடைப்பதும் அதுதான். ‘ரன்முத்து தூவ’ 1962இல் வெளிவந்தது. இலங்கையின் முதலாவது முழுநீள வண்ணச் சிங்களப் படம். காமினி பொன்சேகா, ஜோ அபேவிக்ரம நடித்தது, அமரதேவ இசையமைத்தது. இயக்கிய மைக் வில்சன் அடிப்படையில் ஒரு சுழியோடி. அவரும் அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க்கும் 1956இல், கோயில் நிற்கும் சுவாமி மலையின் அடியில் இறங்கி, உடைக்கப்பட்ட பழைய கோணேசர் கோயிலின் தூண்களையும் வெட்டுக்கற்களையும் கடலடியில் கண்டவர்கள். கடலுக்குள் மூழ்கிய புதையல் என்ற கற்பனைக் கதைக்கு அந்த உண்மையான இடிபாடு கையிலேயே இருந்தது. படமெடுத்தவர் பின்னாளில் துறவு பூண்டு சைவச் சாமியாராகிக் கதிர்காமத்துக்குப் போய்விட்டார் என்பது கதையைவிட விசித்திரம். இதை ஏன் எந்த வழிகாட்டியும் சொல்வதில்லை என்று விளங்கவில்லை.

ஆக, இந்தப் படத்தின் உயிர்நாடியான இடம் தண்ணீருக்குள் இருக்கிறது. மலை உச்சியில் நின்று வழிகாட்டி கைநீட்டி “அங்கேதான் எடுத்தவை” என்று காட்டும்போது உங்கள் கண்ணுக்குத் தெரிவது நீலத் தண்ணீர் மட்டும். சில வழிகாட்டிகள் இந்தக் குறையை மறைக்க ‘இந்தியானா ஜோன்ஸ்’ வரிசையின் இரண்டாம் படத்தையும் இழுத்துவிடுவார்கள். அது 1983இல் கண்டிப் பக்கத்தில் எடுக்கப்பட்டது. தொங்குபாலக் காட்சியைத் தேடுபவர் விக்டோரியா அணைப் பக்கம் போகவேண்டும், திருகோணமலைக்கு அல்ல. வழிகாட்டி அதை இங்கே சொன்னால் மற்றக் கதைகளையும் கொஞ்சம் தள்ளுபடி போட்டுக் கேளுங்கள். பதிவு செய்யும்போதே, “படத்தின் காட்சிப் பிரதி ஏதாவது கொண்டுவருவீர்களா?” என்று கேட்டுப் பார்க்கலாம். கைப்பேசியில் நாலு காட்சியை வைத்துக்கொண்டு மலையின் விளிம்பையும் குடாவின் வளைவையும் ஒப்பிட்டுக் காட்டுபவர் கிடைத்தால் அவரை விடவேண்டாம்.

கோட்டை வாசலில் கட்டாயம் வண்டியை நிறுத்தச் சொல்லுங்கள். பெரும்பாலான ஓட்டோக்கள் வாசலுக்குள்ளால் நேரே ஓடிவிடும். காவலுக்கு நிற்கும் படையினருக்கு வழிவிடுவதாகச் சொல்வார்கள். ஆனால் இறங்கி நின்று பார்க்க இரண்டு நிமிடம் போதும், யாரும் தடுப்பதில்லை. வாசற்கல்லில் இரட்டைக் கயல் சின்னமும் தேய்ந்துபோன தமிழ் எழுத்துகளும் இருக்கின்றன. பழைய மன்னன் குளக்கோட்டன் எடுத்த கோயில் திருப்பணியைப் பறங்கி உடைப்பான், பூனைக்கண்ணனும் செங்கண்ணனும் புகைக்கண்ணனும் ஆள்வார்கள் என்று சொல்லும் பாட்டை அந்தக் கல்லோடு சேர்த்துத்தான் ஊரில் பேசுவது. முழுப்பாட்டும் அதில் வாசிக்கக் கிடைக்கும் என்று எதிர்பார்க்கவேண்டாம். சில எழுத்துகள்தான் தெரியும், அதுவும் காலைச் சாய்வெயிலில்தான். உச்சிவெயிலில் கல் வெளுத்து எதுவும் பிடிபடாது. போர்த்துக்கேயர் 1620களில் கோயிலை உடைத்து அதன் கற்களையே கோட்டைக்குப் பயன்படுத்தினார்கள். 1639இல் ஒல்லாந்தர் பிடித்தார்கள், 1795இல் ஆங்கிலேயர். கோட்டைக்குப் பிரெட்ரிக் என்ற பெயர் 1803இல் வந்தது. கற்பனைக் கதை தேடி வருபவருக்குக்கூட இந்த ஒரு கல் போதும், மிச்சமெல்லாம் அதற்கு மேல் கிடைக்கும் வரவு.

வாசலிலிருந்து கோயிலடி ஏறக்குறைய ஒரு கிலோமீற்றர், மெல்லிய ஏற்றம். சாதாரண நாளில் வண்டி உள்ளே போகும். விழா நாட்களில் கீழேயே மறித்துவிடுவார்கள், ஆகவே முழங்கால் வருத்தமுள்ள அம்மா, அப்பாவைக் கூட்டிவருபவர்கள் நாளைப் பார்த்து வரவேண்டும். வழியெங்கும் புள்ளிமான்கள் திரியும். அவற்றுக்குப் பிஸ்கட் கொடுப்பதும் பொலித்தீன் பையை நீட்டுவதும் கூடாது. பையையும் சேர்த்து விழுங்கிவிடும். தடுக்காத வழிகாட்டி நல்ல வழிகாட்டி அல்ல. மேலே குரங்குகள். பூசைத்தட்டுப் பழத்தைக் கையில் திறந்து பிடித்துக்கொண்டு போனால் கோயில் வாசல் வரை அது உங்களிடம் இருக்காது.

இராவணன் வெட்டு என்பது சுவாமி மலையின் கடலோரப் பக்கத்தில் மேலிருந்து கீழாகப் பிளந்து கிடக்கும் ஒடுங்கிய வெடிப்பு. தாய்க்காக மலையைப் பெயர்க்க வந்த இராவணன் வாளால் வெட்டியது என்பது ஊர்க் கதை. பாறையின் இயற்கைப் பிளவை அலை தின்று அகலமாக்கியது என்பது மற்றக் கணக்கு. இரண்டையும் சொல்லத் தெரிந்தவரே வேண்டும். ஏழாம் நூற்றாண்டில் சம்பந்தர் கோணமாமலைக்குப் பாடிய பதிகத்திலும், அவருடைய மற்றப் பதிகங்களின் வழக்கப்படியே, எட்டாவது பாட்டில் இராவணன் வருகிறான். இந்த இடத்தில் நின்று அதைச் சொல்ல ஒரு நிமிடம் போதும். ஆனால் பலர் இராவணன் சிலைக்கு முன்னால் உங்களை நிறுத்திப் படமெடுத்துத் தருவதோடு முடித்துவிடுகிறார்கள். வெட்டை எட்டிப் பார்ப்பதற்குக் கம்பிவேலிக்கு இந்தப் பக்கமே போதிய கோணம் இருக்கிறது. வேலியைத் தாண்டிக் கைப்பேசியை நீட்டுவது விசர் வேலை: கச்சான் என்ற தென்மேற்குக் காற்று வீசும் மாதங்களில் முற்பகல் போகப்போக மேலே காற்று தள்ளத் தொடங்கும், தொப்பி முதலில் போகும்.

பக்கத்தில் ஒற்றைத் தூண் ஒன்று நிற்கிறது. பிரான்சினா வான் ரீட் என்ற ஒல்லாந்துப் பெண் காதலன் கைவிட்டதால் இங்கிருந்து குதித்தாள் என்று எல்லா வழிகாட்டியும் உருகி உருகிச் சொல்வார்கள். தூணின் ஆண்டு 1687. அவள் பின்னர் மணம் முடித்து வாழ்ந்ததாகச் சொல்லும் பதிவுகளையும் ஆய்வாளர் எடுத்துக்காட்டியிருக்கிறார்கள். அந்தத் தூணே உடைந்த கோயிலினது என்று கருதப்படுவதுதான் நமக்கு முக்கியம்.

கோயிலுக்குள் முழங்காலுக்குக் கீழ் இறங்கும் உடை வேண்டும். அரைக்காற்சட்டையோடு வந்தவருக்கு வண்டியில் ஒரு சாரம் வைத்திருக்கிறார்களா என்று கேளுங்கள். செருப்பைக் கழற்றிக் கொடுத்தபின் வெறுங்காலோடு நடக்கும் கல்தரை பத்து மணிக்கே சுடத் தொடங்கும், பதினொன்றுக்குச் சிறுபிள்ளை அழும். தடித்த காலுறை ஒரு சோடி பையில் இருந்தால் நல்லது. உள்ளே படம் எடுக்க விடமாட்டார்கள். மதியத்தில் நடை சாத்துவதால், வெள்ளிக்கிழமைக் கூட்டத்தில் பிந்தி ஏறும் குழுக்கள் கோணேசரையும் மாதுமை அம்மாளையும் காணாமலேயே இறங்குவதுண்டு. இன்றைய கோயிலின் குடமுழுக்கு 1963இல் நடந்தது. 1950இல் கிணறு வெட்டும்போது கிடைத்த செப்புத் திருமேனிகளையும், வில்சன் கடலடியிலிருந்து எடுத்த லிங்கத்தையும் பற்றிக் கேட்டுப் பாருங்கள். படத்துக்கும் கோயிலுக்கும் இடையிலுள்ள ஒரே நேரடித் தொடர்பு அந்த லிங்கம்தான். அதைச் சொல்லாமல் ‘படத்தளச் சுற்றுலா’ என்று விற்பது சீனி போடாத பாயாசம்.

இனி வள்ளம். தொகுப்பில் இது சேராது, தனிக் காசு. ஆனாலும் நமது பரிந்துரை கன்னியாவை வெட்டி இதைச் சேர்ப்பதே. சுவாமி மலையின் செங்குத்து முகம் கிழக்கைப் பார்த்தது. காலை ஆறரையிலிருந்து ஒன்பது வரை முழு வெயிலும் அந்தப் பாறையில் விழும், வெட்டின் ஆழம் நிழலாகத் தனித்துத் தெரியும். மதியத்துக்குப் பின் முகம் முழுவதும் இருண்டுவிடும், படத்தில் கறுப்புச் சுவர்தான் வரும். கடல் மே தொடக்கம் செப்ரெம்பர் வரை அமைதி, அதிலும் காலையில்தான் கண்ணாடி. வாடை தொடங்கும் நொவெம்பரிலிருந்து ஜனவரி வரை மலையடிக்குப் போகவே வேண்டாம். அந்த மாதங்களிலும் “போகலாம் அண்ணை, பிரச்சினையில்லை” என்பவரிடம் முற்பணம் கொடுக்கவேண்டாம். வள்ளத்தில் ஏறமுன் ஆளுக்கொரு மிதப்பு அங்கி இருக்கிறதா என்று எண்ணிப் பாருங்கள். ஒன்று குறைந்தாலும் ஏறவேண்டாம்.

மலையடியில் மேலாக மிதந்து பார்ப்பதில் பயனில்லை. செங்குத்துப் பாறையில் மோதும் அலை திரும்பி வந்து அடுத்த அலையோடு முட்டுவதால், கரை அமைதியாக இருக்கும் நாளிலும் அங்கே தண்ணீர் முன்னும் பின்னும் இழுக்கும். பாறையில் உரசினால் மட்டிகள் கிழித்துவிடும். இடிபாட்டைப் பார்க்க முறையாகச் சுழியோட வேண்டும். முதல்நிலைச் சான்றிதழ் உள்ளவர் 18 மீற்றர் வரை போகலாம், இந்தத் தளத்துக்கு அது போதும். சான்றிதழ் இல்லாதவர் அமைதியான வேறிடத்தில் பழகிவிட்டு வரட்டும்.

கீழே எழுந்து நிற்கும் கோயிலை எதிர்பார்த்து இறங்குபவர் ஏமாறுவார். உச்சியிலிருந்து தள்ளப்பட்ட கற்கள் இயற்கைப் பாறைகளுக்கிடையில் சிதறிக் கிடக்கின்றன, நானூறு ஆண்டாகக் கடற்பாசியும் முருகையும் மூடியிருக்கின்றன. கண் பழக வேண்டும்: இயற்கையில் நேர்கோடும் செங்கோணமும் அரிது, ஆகவே சதுர விளிம்பு தெரியும் இடத்தில் நின்று பாருங்கள், தூண் துண்டு பிடிபடும். இறங்குமுன் பலகையில் படம் கீறி எந்தக் கல் எங்கே என்று விளக்கும் வழிநடத்துநரோடு போனால் பார்ப்பது இரண்டு மடங்கு. ஒரு சிறு துண்டையும் தூக்கவோ புரட்டவோ கூடாது, தொல்பொருள் சட்டம் பாயும். இன்னொன்று: சுழியோடிய அன்றே நுவரெலியாவுக்கு ஏறும் பயணத்திட்டங்களைக் காண்கிறோம். அது 1,868 மீற்றர் உயரம். இரத்தத்தில் கரைந்த நைதரசன் வெளியேறமுன் உயரத்துக்குப் போனால் மூட்டுவலியில் தொடங்கி ஆஸ்பத்திரியில் முடியலாம். விமானத்துக்கு ஒரு சுழியோடலின் பின் குறைந்தது 12 மணித்தியாலம், பலமுறை இறங்கினால் 18 என்பது பொது விதி. மலைநாட்டுக்கும் அதே கவனம் வேண்டும்.

கன்னியா நகரத்திலிருந்து அநுராதபுர வீதியில் ஏறக்குறைய எட்டுக் கிலோமீற்றர். ஏழு சிறு கிணறுகள், ஒவ்வொன்றிலும் வெவ்வேறு சூடு, வாளியால் அள்ளி ஊற்றுவதுதான் முறை. தாயின் அந்தியேட்டிக்காக இராவணன் நிலத்தைக் குத்தி ஏழு ஊற்றை வரவழைத்தான் என்ற கதையால் இன்றும் நம் சனம் பிதிர்க்கடன் கழிக்க வரும் இடம் இது. சவர்க்காரம் போடுவதும் குளியல் உடையில் நின்று படமெடுப்பதும் அதனால்தான் உறுத்துகிறது. இடம் தொல்பொருள் திணைக்களத்தின் பொறுப்பில் உள்ளது, அனுமதிச்சீட்டு உண்டு. பழைய பிள்ளையார் கோயில் பற்றிய வழக்கு விவகாரத்தை வழிகாட்டியிடம் வாசலில் நின்று கேட்டுச் சங்கடப்படுத்தாமல் வண்டியில் கேளுங்கள். நண்பகல் வெயிலில் சுடுநீரை யார் தலையில் ஊற்றுவார்? வருவதானால் காலை திறந்த கையோடு, வார நாளில் வரவேண்டும்.

விலை பேசும்போது ஆளுக்கா வண்டிக்கா என்பதை முதலில் தீர்த்துக்கொள்ளுங்கள். பெரும்பாலான சண்டை அங்கேதான். ஓட்டோவில் மூன்று பேர் வசதியாக இருக்கலாம், நாலாவது ஆள் வந்தால் வான் பேசுங்கள். அனுமதிச்சீட்டு, வள்ளம், காத்திருப்பு நேரம் எல்லாம் உள்ளடக்கமா என்பதை எழுத்தில், குறைந்தபட்சம் வட்ஸ்அப்பில் வாங்கிவையுங்கள். வழிகாட்டி என்று சொல்பவர் சுற்றுலா அதிகாரசபையின் அட்டை அணிந்திருக்கவேண்டும். ஓட்டுநரே கதையும் சொல்வதானால் வழிகாட்டிக் கூலி கேட்க நியாயமில்லை. ஒழுங்கை மாற்றித் தரச் சொன்னால் சிலர் முகம் சுளிப்பார்கள். ஆறரைக்கு வள்ளம், ஒன்பதுக்குக் கோட்டை வாசல், ஒன்பதரைக்குக் கோயில், பத்தரைக்குள் இறக்கம் என்று அடித்துச் சொல்லுங்கள். ஒத்துக்கொள்ளாதவரை விட்டுவிட்டு அடுத்த ஆளைப் பாருங்கள், பருவகாலத்தில் உப்புவெளியில் ஆளுக்குப் பஞ்சமில்லை.