மார்க் ஷீட்ல ஒரு எழுத்து: லீவுல ஊருக்குப் போனப்ப அலைஞ்ச அனுபவம்

தோஹாலேருந்து இந்த தடவை லீவுக்கு ஊருக்குப் போனதுல பாதி நேரம் அக்கா பொண்ணோட பத்தாம் வகுப்பு மார்க் ஷீட்டுக்கே போயிருச்சு. அவ பேரை இங்கிலீஷ்ல எழுதுறப்ப நடுவுல ஒரு எச் வரணும், பர்த் சர்டிபிகேட், ஆதார், பாஸ்போர்ட் மூணுலயும் இருக்கு, மார்க் ஷீட்ல மட்டும் காணோம். ஒரு எழுத்துதானேன்னு வீட்ல எல்லாரும் சொன்னாங்க, ஆனா வெளிநாட்டுல படிக்கவோ வேலைக்கோ பேப்பர் குடுக்குறப்ப அந்த ஒரு எழுத்துக்காக ஃபைலைத் திருப்பி அனுப்பறதை இங்க நான் எத்தனையோ பேருக்குப் பார்த்திருக்கேன். அதோட அவ இப்ப பிளஸ் டூ, பத்தாவதுல உள்ள பேரேதான் பன்னிரண்டாவது மார்க் ஷீட்லயும் வரும், அதனால தள்ளிப்போட முடியாத வேலை.

மொதல்ல பஸ் ஸ்டாண்ட் பக்கத்துல ஒரு ஜெராக்ஸ் கடைல கேட்டோம். "கெஜட்ல போட்டுறலாம் சார், நாங்களே முடிச்சுத் தர்றோம்"னு உடனே ஃபாரத்தை எடுத்துட்டாரு. இங்கதான் நிறைய பேர் காசைக் குடுத்து மாட்டிக்கிறாங்க, இத கொஞ்சம் கவனமா படிங்க. கெஜட்டுங்கிறது அரசாங்கம் போடுற அரசிதழ், அதுல பேரைப் போடறது ஒருத்தர் தன்னோட பேரையே மாத்திக்கிறப்ப அதை ஊரறிய சொல்றதுக்கு. சென்னைல எழுதுபொருள் மற்றும் அச்சுத்துறைக்கு அப்ளிகேஷன் போகும், தமிழ்நாடு அரசிதழ்ல ஆறாம் பகுதி நாலாம் பிரிவுல வரும். நியூமராலஜி பார்த்து பேர் மாத்துறவங்க, மதம் மாறினவங்க இவங்களுக்கு அது வேணும். இவ பேரை எங்க மாத்தினா? பள்ளிக்கூடம் தட்டச்சுல விட்டது அது. அதுக்குப் போய் பழைய பேர் இது புதுப் பேர் இதுன்னு கெஜட்ல போட்டா இல்லாத ஒரு பழைய பேரை நாமளே உண்டாக்குன மாதிரி ஆயிரும், பழைய மார்க் ஷீட்டும் அதனால தானா திருந்தாது, காலம்பூரா ரெண்டையும் சேர்த்துக் காட்டிட்டே இருக்கணும்.

பிழைன்னா ஸ்கூல் வழியாத்தான் போகணும். ஹெச்.எம். மூலமா அரசுத் தேர்வுகள் துறைக்கு விண்ணப்பம், கூடவே ஒரிஜினல் மார்க் ஷீட், பர்த் சர்டிபிகேட் காப்பி, சேர்க்கைப் பதிவேட்டுல அந்தப் பக்கத்தோட அட்டெஸ்ட் பண்ண நகல். நாங்க போன பள்ளில ஆபீஸ்ல இருந்தவரு "ரிசல்ட் வந்தப்புறம் ஒண்ணும் பண்ண முடியாதும்மா, கோர்ட்டுக்குப் போங்க"ன்னு அக்காவைப் பல தடவை திருப்பி அனுப்பியிருக்காரு. எனக்கு ரொம்ப வருத்தமா இருந்துச்சு, அக்கா கூலிய விட்டுட்டு நடந்திருக்கா.

நான் போயி ஹெச்.எம். அம்மாவையே நேரா பார்த்து, சேர்க்கைப் பதிவேட்டை மட்டும் ஒரு தடவை பாருங்க டீச்சர்னு கேட்டேன். பீரோலேருந்து அந்த நீளமான நோட்டை எடுத்தாங்க, ஓரமெல்லாம் செல்லரிச்சு முதுகுல காடா துணி ஒட்டினது. விரலை வச்சு வரிசையா இறங்கிட்டே வந்து அவ பேர்ல நிறுத்தினாங்க, நீல மைல எச்சோட சரியா எழுதியிருக்கு, பக்கத்துல எங்க மச்சான் கையெழுத்து. கம்ப்யூட்டர்ல ஏத்தினப்பதான் விட்டிருக்காங்க, அதுலேருந்து நாமினல் ரோலுக்கு, அதாவது தேர்வு எழுதுற பிள்ளைங்க பேர்ப் பட்டியலுக்கு, அப்படியே போயிருக்கு. அதைப் பார்த்ததும் அவங்க ஒரு வார்த்தை மறுத்துப் பேசல, அன்னிக்கே பரிந்துரை லெட்டர் போட்டுக் குடுத்தாங்க. மாவட்டத்துல தேர்வுத்துறை ஆபீஸ்லயும் பேப்பரைச் சரிபார்த்து வாங்கிக்கிட்டாங்க.

"முடியவே முடியாது"ன்னு சொல்றவங்களுக்காக ஒண்ணு சொல்றேன். 2021 ஜூன் 3-ம் தேதி ஜிக்யா யாதவ் வழக்குல சுப்ரீம் கோர்ட் தெளிவா சொல்லியிருக்கு, பேர்ங்கிறது ஒருத்தரோட அடையாளம், அது அரசியல் சட்டம் தர்ற உரிமைல சேர்ந்தது, பள்ளிப் பதிவேட்டுலயோ பர்த் சர்டிபிகேட் மாதிரி அரசு ஆவணத்துலயோ ஆதாரம் இருந்தா சான்றிதழைத் திருத்திக் குடுக்கணும்னு. இஷ்டப்பட்டுப் புதுசா வச்சுக்கிட்ட பேருக்குத்தான் கோர்ட் உத்தரவும் கெஜட்டும். அந்த வழக்கு சி.பி.எஸ்.இ. பத்தினதுதான், ஆனா சொன்ன நியாயம் எல்லா போர்டு பிள்ளைங்களுக்கும் பொருந்துறதுதானே.

இன்னொண்ணு, மார்க் ஷீட்ல இனிஷியல் இருக்கு பாஸ்போர்ட்ல அப்பா பேர் முழுசா இருக்குன்னு பயந்து இதே மாதிரி ஓட வேண்டாம். பாஸ்போர்ட்ல இனிஷியலை விரிச்சுத்தான் போடணும், அது பிழை கிடையாது. அப்புறம் ஒரிஜினலைத் தயவுசெஞ்சு லேமினேஷன் பண்ணாதீங்க, பின்னால அட்டெஸ்டேஷன் சீல் வைக்கப் போறப்ப அதைப் பிரிக்கிறதுக்குள்ள உயிர் போயிரும்.

நான் கிளம்பறப்ப திருத்தின மார்க் ஷீட் கைக்கு வரல, வந்ததும் அக்கா வாட்ஸ்அப்ல போட்டோ அனுப்பறேன்னு சொல்லியிருக்கா. அவ சின்னவன் இப்ப ஒன்பதாவது. அவன் பர்த் சர்டிபிகேட்டை எடுத்துட்டுப் போய் இப்பவே ஸ்கூல் கம்ப்யூட்டர்ல தமிழ்லயும் இங்கிலீஷ்லயும் பேர், அப்பா பேர், பிறந்த தேதி எல்லாம் எழுத்தெழுத்தா பார்த்துட்டு வந்துட்டா, அடுத்த வருஷம் நாமினல் ரோல் போறப்ப ஹெச்.எம். அம்மா பிரிண்ட் எடுத்து அவகிட்ட காட்டுறேன்னு சொல்லியிருக்காங்க.